மனுவில் எழுதாத காரணங்கள்

குடும்பநல நீதிமன்றத்துக்கு வரும் விவாகரத்து மனுக்கள் பெரும்பாலும் ஒரே போக்கில்தான் இருக்கும். திருமணம் நடந்த தேதி, மண்டபத்தின் பெயர், இருவரும் கடைசியாகச் சேர்ந்து குடியிருந்த முகவரி என்று தொடங்கும். சில மாதங்கள் இல்லறம் நல்லபடியாக நடந்தது என்று ஒரு வரி வரும். அதன்பின் எண் போட்ட பத்திகளில் குற்றச்சாட்டுகள். கணவன் தரப்பு மனு என்றால், மனைவி மாமியாரை மதிக்கவில்லை, சொல்லாமல் தாய்வீட்டுக்குப் போனாள், தனிக்குடித்தனம் கேட்டு நச்சரித்தாள், அலுவலகத்துக்கே வந்து அவமானப்படுத்தினாள். மனைவி தரப்பு என்றால், சீர் குறைவென்று குத்திக் காட்டினார்கள், போட்டுவந்த நகையை வாங்கி அடகு வைத்தார்கள், குடித்துவிட்டு அடித்தார். இவற்றில் அப்படியே நடந்ததும் உண்டு. வழக்குக்காகப் பெருக்கி எழுதியதும் உண்டு.

இப்படி எழுத வைப்பது சட்டம். 1955ஆம் ஆண்டின் இந்துத் திருமணச் சட்டம் தன் 13ஆம் பிரிவில் விவாகரத்துக்கான காரணங்களை வரையறுத்திருக்கிறது. திருமணத்துக்குப் புறம்பான உறவு, கொடுமை, குறைந்தது இரண்டு ஆண்டுகள் கைவிட்டிருத்தல், மதமாற்றம், தீராத மனநோய், தொற்றக்கூடிய பால்வினை நோய், துறவறம், ஏழாண்டுகளாக உயிரோடிருக்கும் தகவலே இல்லாமை ஆகியவை அதில் முக்கியமானவை. தொழுநோயும் இந்த வரிசையில் இருந்தது, 2019இல்தான் நீக்கினார்கள். எங்கள் இருவருக்கும் ஒத்துவரவில்லை என்பதை ஒரு காரணமாகச் சொல்ல அந்தப் பிரிவில் இடம் கிடையாது. எனவே ஒத்துவராத வாழ்க்கை முழுவதையும் 'கொடுமை' என்ற தலைப்புக்குள் கொண்டுவந்தாக வேண்டும். மற்ற காரணங்கள் பொருந்தாதபோது, எதிர்த்தரப்பைக் கொடுமைக்காரராகக் காட்டாமல் தனியாக ஒருவர் மனுப்போட்டு வெளியேற முடியாது.

இதனால் கொடுமை என்ற சொல்லுக்குள் எதுவும் வந்து சேரலாம். 2022இல் சென்னை உயர் நீதிமன்றம் ஒரு வழக்கில், தாலிச் சங்கிலியை மனைவி கழற்றியது மனரீதியான கொடுமையின் உச்சம் என்று கருதலாம் எனத் தீர்ப்பளித்தது. சங்கிலியைத்தான் கழற்றினேன், தாலியை வைத்திருக்கிறேன் என்பது அந்தப் பெண் சொன்ன பதில். வழக்கில் வேறு குற்றச்சாட்டுகளும் இருந்தன; அவர்கள் பல ஆண்டுகளாகச் சேர்ந்து வாழவும் இல்லை. ஆனால் வெளியே பரவிய செய்தி தாலி மட்டும்தான். அந்தத் திருமணம் எப்போது, எதனால் செத்துப்போனது என்பதை அந்தச் செய்தியிலிருந்து யாரும் தெரிந்துகொள்ள முடியாது. மனுக்களையும் தீர்ப்புகளையும் வரிசைப்படுத்தி வைத்துக்கொண்டு மணமுறிவின் காரணங்கள் இவை என்று பட்டியல் போடுகிறவர்கள் சட்டத்தின் சொற்களைத்தான் எண்ணிக் காட்டுகிறார்கள்.

என் வாதம் இது. தமிழ்நாட்டில் திருமணங்கள் முறிவதற்கான காரணங்கள் பெரும்பாலும் பழையவை. நம் பாட்டிமார் காலத்திலேயே இருந்தவை. புதிதாக வந்திருப்பது வெளியேறும் வழி. இந்த இரண்டையும் பிரித்துப் பார்க்காததால்தான் பெண் படித்தாள், சம்பாதித்தாள், குடும்பம் கெட்டது என்ற பேச்சு கல்யாண வீட்டுத் திண்ணையிலிருந்து தொலைக்காட்சி விவாதம் வரை ஓடிக்கொண்டிருக்கிறது.

அந்த வழியும் முற்றிலும் புதியதன்று. தமிழகத்தில் உழைத்துப் பிழைத்த பல சாதிகளில் ஊர்ப் பெரியவர்கள் முன்னிலையில் தீர்த்துக்கொள்வதும், பிறகு வேறொருவரை மணப்பதும் வழக்கமாக இருந்தது. அறுத்துக் கட்டுதல் என்று அதற்குப் பெயர். மாப்பிள்ளை வீட்டார் பெண்ணுக்குப் பரிசம் போட்ட காலம் அது. திருமணம் முறிந்தால் பரிசப் பணத்தைத் திருப்பிக் கொடுத்துக் கணக்கை முடித்துக்கொள்ளலாம். இருபதாம் நூற்றாண்டில் பரிசம் மறைந்து வரதட்சிணை வந்தபோது இந்தக் கணக்கு தலைகீழானது. பெண் வீட்டார் நிலத்தை விற்றும் கடன் வாங்கியும் கொட்டிய பணம் மறுகரைக்குப் போய்விட்டது. பெண் திரும்பி வந்தால் பணமும் போச்சு, மானமும் போச்சு. அறுத்துக் கட்டும் வழக்கம் தாழ்ந்த சாதியின் அடையாளம் என்ற ஏளனமும் சேர்ந்துகொள்ள, ஒரு படி மேலேறத் துடித்த சாதிகள் ஒவ்வொன்றாக அதைக் கைவிட்டன. இந்துத் திருமணச் சட்டத்தின் 29ஆம் பிரிவு வழக்காற்று விவாகரத்தை இன்றும் காப்பாற்றி வைத்திருக்கிறது. சமூகம்தான் காப்பாற்றவில்லை.

சட்டவழியில் தமிழகம் முந்திக்கொண்டது. 1929இல் செங்கல்பட்டில் கூடிய முதல் சுயமரியாதை மாகாண மாநாடு பெண்ணின் சொத்துரிமையோடு மணவிலக்கு உரிமையையும் தீர்மானமாகக் கேட்டது. 1949இல் சென்னை மாகாணம் இருதார மணத்தைத் தடுத்து, மணவிலக்குக்கு வழிசெய்யும் சட்டத்தை இயற்றியது. மத்தியச் சட்டம் அதற்கு ஆறாண்டுகள் கழித்து வந்தது. அதிலும் கொடுமையும் கைவிடுதலும் விவாகரத்துக்குக் காரணங்களாக இருக்கவில்லை, நீதிமன்றம் வழியாகப் பிரிந்திருக்க மட்டுமே உதவின. 1976ஆம் ஆண்டுத் திருத்தம்தான் அவற்றை விவாகரத்துக்கான காரணங்களாக்கியது. இருவரும் ஒப்பி விலகும் 13பி பிரிவையும் அதுவே கொண்டுவந்தது. கிறிஸ்தவப் பெண்களின் நிலை இன்னும் மோசம். 1869ஆம் ஆண்டின் சட்டப்படி கணவன் தன் மனைவியின் புற உறவை மட்டும் நிரூபித்தால் போதும். மனைவியோ அதனோடு கொடுமையையோ கைவிட்டதையோ சேர்த்து நிரூபிக்க வேண்டும். இந்த வேறுபாடு 2001 வரை நீடித்தது.

இனி எண்களுக்கு வருவோம். 2011 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் இந்தியாவில் விவாகரத்துப் பெற்றவர்கள் என்று பதிவானவர்கள் சுமார் 13.6 லட்சம் பேர், மணமானவர்களில் 0.24 விழுக்காடு. விவாகரத்துப் பெறாமல் பிரிந்து வாழ்பவர்கள் இதைப்போல் ஏறத்தாழ மூன்று மடங்கு. இரண்டு வகையிலும் ஆண்களைவிடப் பெண்களே அதிகம். ஆண் மறுமணம் செய்துகொண்டு கணக்கிலிருந்து வெளியேறிவிடுகிறான், பெண் அதே கட்டத்தில் நிற்கிறாள் என்பது இதற்கு ஒரு முக்கியக் காரணம். கிராமத்தில் 'வாழாவெட்டி' என்ற கொடிய சொல்லைச் சுமந்துகொண்டு அண்ணன் வீட்டுப் பின்கட்டில் காலம் கழிக்கும் பெண்களில் பலர் கணக்கெடுப்பாளரிடம் மணமானவர் என்றே சொல்லியிருப்பார்கள். இந்தியாவில் விவாகரத்து குறைவு என்று பெருமைப்படுகிறவர்கள் அவர்களை எண்ணாமல்தான் பெருமைப்படுகிறார்கள்.

காரணங்களில் முதலில் வைக்க வேண்டியது, வீட்டில் யார் சொல் செல்லும் என்ற கேள்வி. நம் திருமணங்களில் கணவனும் மனைவியும் ஒருவரையொருவர் தெரிந்துகொள்வதற்கு முன்பே இரண்டு குடும்பங்கள் ஒப்பந்தம் செய்துகொள்கின்றன. அந்த ஒப்பந்தம் திருமணத்துக்குப் பிறகும் முடிவதில்லை. தலைத் தீபாவளிக்கு என்ன செய்தார்கள், வளைகாப்புக்கு எத்தனை பேர் வந்தார்கள், பிள்ளைக்கு என்ன போட்டார்கள் என்று கணக்கு நீள்கிறது. புதிதாக வந்த பெண்ணுக்கு அந்த வீட்டில் எதையும் முடிவுசெய்யும் அதிகாரம் இல்லை. மகனுக்கும் பெரும்பாலும் இல்லை. அம்மாவிடம் மனைவிக்காகவும் மனைவியிடம் அம்மாவுக்காகவும் பேசத் தெரியாத கணவன் இரண்டு பக்கமும் மௌனமாகிவிடுகிறான். தன் பக்கம் நிற்க ஆளில்லை என்று அவள் உணரும் அந்த மாதங்களில்தான் பல திருமணங்கள் உள்ளுக்குள் முடிந்துவிடுகின்றன. நீதிமன்றத்துக்கு வருவதற்கு அதற்குப் பிறகு சில ஆண்டுகள் ஆகும்.

இந்தக் கேள்வியில் சட்டமே குடும்பத்தின் பக்கம் சாய்ந்தது உண்டு. 2016இல் உச்ச நீதிமன்றம், தகுந்த காரணம் இல்லாமல் கணவனைப் பெற்றோரிடமிருந்து பிரிக்க மனைவி தொடர்ந்து முயல்வது கொடுமை என்று கூறியது. மணமானதும் மகன் பெற்றோரை விட்டுப் பிரிவது இந்தியப் பண்பாட்டில் இல்லை என்பது அதன் விளக்கம். மகள் பெற்றோரை விட்டுப் பிரிவது மட்டும் எப்படி இயல்பாகிறது என்ற கேள்வி அங்கே எழவில்லை. தனிக்குடித்தனம் கேட்பது பல பெண்களுக்கு ஆடம்பரம் கிடையாது. சமையலறையில் எதை எப்போது சமைப்பது என்பதையாவது தானே முடிவுசெய்ய வேண்டும் என்ற எளிய தேவை அது. மாமியாரும் ஒருகாலத்தில் அதே தேவையை அடக்கிக்கொண்டு வாழ்ந்தவர்தான். அதனால் இருவரில் ஒருவரைக் கெட்டவராக்கி இந்தப் பிரச்சினையைப் புரிந்துகொள்ள முடியாது.

முன்பு இந்த இறுக்கத்தைச் சற்றுத் தளர்த்தியது சொந்தத்தில் செய்த திருமணம். மாமியார் அத்தையாகவோ பாட்டியாகவோ இருப்பார். பிறந்த வீடு பக்கத்துத் தெருவில் இருக்கும். தேசியக் குடும்பநல ஆய்வின் ஐந்தாம் சுற்றில்கூட (2019-21) தமிழ்நாட்டில் ஏறக்குறைய 28 விழுக்காடு திருமணங்கள் உறவுக்குள் நடந்தவையாக இருந்தன. மருத்துவக் காரணங்களால் அது குறைய வேண்டியதுதான். ஆனால் அந்த இடத்துக்குத் திருமணத் தகவல் மையம் வழியாக முற்றிலும் அறியாத வீடுகள் வந்திருக்கின்றன. முறைகள் மட்டும் அத்தை வீட்டுக்குப் போன காலத்தின் முறைகளாகவே இருக்கின்றன.

அடுத்தது குடியும் அடியும். இரண்டையும் தனித்தனியாகப் பேசவே முடியாது. அதே ஆய்வின்படி தமிழ்நாட்டில் மணமான 18 முதல் 49 வயதுப் பெண்களில் 38.1 விழுக்காட்டினர் கணவனின் வன்முறைக்கு எப்போதாவது ஆளானவர்கள். நாடு முழுவதற்குமான அளவு 29.3. அடிக்கடி குடிபோதையில் வரும் கணவனைக் கொண்ட பெண்களில் சுமார் 70 விழுக்காட்டினர் உடல்ரீதியான அல்லது பாலியல் வன்முறையை அனுபவித்திருக்கிறார்கள். குடிக்காத கணவன் என்றால் அது 23 ஆகக் குறைகிறது. இது அகில இந்தியக் கணக்கு. டாஸ்மாக் 2003 முதல் சில்லறை மது விற்பனையைத் தன் கையில் வைத்திருக்கும் ஒரு மாநிலத்தில் இந்த எண்களைக் குடும்பத்துக்குள் நடக்கும் தனிப்பட்ட விஷயம் என்று அரசு ஒதுக்கிவைக்க முடியாது. வன்முறைக்கு ஆளான இந்தியப் பெண்களில் யாரிடமாவது உதவி கேட்டவர்கள் 14 விழுக்காடுதான் என்பதையும் சேர்த்துப் படிக்க வேண்டும். எஞ்சியவர்களின் திருமணங்கள் முறியவில்லை. அவை நல்ல திருமணங்கள் என்று இதற்குப் பொருளா?

பணம் நகையில் தொடங்குகிறது. பெண்ணுக்குப் போட்ட சவரன்கள் அவளுடையவை என்பது சட்டம். நடப்பில், திருமணமான சில மாதங்களில் நாத்தனார் கல்யாணம், தொழிலுக்கு முதலீடு, வீட்டுக் கடனுக்கு முன்பணம் என்று ஏதோ ஒரு காரணத்தால் அவை வங்கிக்கோ அடகுக் கடைக்கோ போய்விடுகின்றன. பிரிவு வந்தபின் காவல் நிலைய வாசலில் சாமான்களைத் திருப்பி வாங்கும் காட்சியைப் பார்த்தவர்களுக்குத் தெரியும். கட்டில், பீரோ, மிக்ஸி, கிரைண்டர், வெள்ளிக் குத்துவிளக்கு என்று பட்டியலைப் படித்து ஒவ்வொன்றாகச் சரிபார்த்து வண்டியில் ஏற்றுவார்கள். நகையின் வரிசை வரும்போதுதான் குரல் உயரும். வேலைக்குப் போகும் பெண் என்றால் சம்பளம் இன்னொரு களம். ஏடிஎம் அட்டை கணவனிடமோ மாமியாரிடமோ இருக்க, பேருந்துக்கும் மாத்திரைக்கும் கைநீட்டிக் கேட்க வேண்டிய நிலை. சம்பாதித்தும் கையேந்த வேண்டியிருப்பது, சம்பாதிக்காமல் கேட்பதைவிட அதிகமாக ஒரு பெண்ணை உடைக்கிறது என்பதே என் கணிப்பு. அந்த வேலைக்குப் போய்வந்த பின்பும் அடுப்படி அவளுக்காகவே காத்திருக்கிறது. 2024ஆம் ஆண்டின் தேசிய நேரப் பயன்பாட்டு ஆய்வின்படி, ஊதியமில்லாத வீட்டுவேலையில் ஈடுபடும் பெண்கள் அதற்கு ஒரு நாளில் 289 நிமிடங்கள் செலவிடுகிறார்கள். ஈடுபடும் ஆண்கள் 88 நிமிடங்கள்.

யாரும் வெளியே சொல்லாத காரணம் ஒன்று இருக்கிறது: படுக்கையறை. உடலுறவே நிகழாத திருமணங்கள், விருப்பமில்லாமல் திணிக்கப்படும் உறவு, பால் ஈர்ப்பை மறைத்துச் செய்துவைத்த கல்யாணம், ஏற்கெனவே தெரிந்த மனநலச் சிக்கலைக் கல்யாணம் ஆனால் சரியாகிவிடும் என்று மூடிவைத்தது, குழந்தை இல்லாததற்கு ஒருவர்மீது மட்டும் பழி போட்டது. வழக்கறிஞரிடம்கூட இவற்றை மூன்றாவது, நான்காவது சந்திப்பில்தான் சொல்கிறார்கள். மனுவில் எழுத மறுக்கிறார்கள். வாழ்வை உண்மையில் முறித்த காரணம் வெளியே நிற்க, சாம்பாரில் உப்பு கூடியதும் மாமியாரை எதிர்த்துப் பேசியதும் மனுவை நிரப்புகின்றன. மறைத்துச் செய்த திருமணங்களுக்குப் பெற்றோரே முதற்பொறுப்பு. அவர்கள் மறைத்ததன் விலையை இரண்டு இளம் வாழ்க்கைகள் கொடுக்கின்றன.

புற உறவைப் பற்றி நீளமாக எழுத எனக்கு விருப்பமில்லை. கைப்பேசி வந்ததால் அது பெருகியது என்கிறார்கள். கைப்பேசி அதை அகப்பட வைத்தது என்பதுதான் உறுதியாகச் சொல்லக்கூடியது. 2018இல் உச்ச நீதிமன்றம் அதைக் குற்றமில்லை என்று ஆக்கினாலும் விவாகரத்துக்கான காரணமாக அது நீடிக்கிறது. அமெரிக்காவில் பால் அமாட்டோ, டெனிஸ் பிரெவிட்டி என்ற ஆய்வாளர்கள் 2003இல் வெளியிட்ட ஆய்வில், மணமுறிவு பெற்றவர்கள் அதிகமாகச் சொன்ன காரணம் துணையின் துரோகம். அதற்கு அடுத்து ஒத்துவராமை, குடியும் போதையும். கேட்கப்பட்டவர்கள் தங்களைவிடத் துணைவரையே அதிகம் குற்றம் சொன்னார்கள் என்பதும், விலகும் முடிவைப் பெரும்பாலும் பெண்களே தொடங்கியதாக இரு தரப்பும் சொன்னதும் அந்த ஆய்வில் எனக்கு முக்கியமாகப் படுபவை.

நம் ஊரிலும் அந்த முடிவைப் பெண்கள் எடுக்கத் தொடங்கியிருக்கிறார்கள். அதற்கான தரையைத் தமிழ்நாடு நெடுங்காலமாக அமைத்து வந்தது. மகளுக்கும் பூர்வீகச் சொத்தில் சம பங்கு 1989இல் வந்தது. முதல் அனைத்து மகளிர் காவல் நிலையம் 1992இல் சென்னை ஆயிரம் விளக்கில் தொடங்கியது. உயர்கல்விச் சேர்க்கை 2021-22இல் 47 விழுக்காடு. நாட்டின் சராசரி 28.4. இந்தியாவின் தொழிற்சாலைகளில் வேலைபார்க்கும் பெண்களில் ஏறக்குறைய 43 விழுக்காட்டினர் இந்த ஒரு மாநிலத்தில் இருக்கிறார்கள். இந்தப் பெண்களின் அம்மாக்கள் குடியையும் அடியையும் நகைக் கணக்கையும் இவர்களைவிட அதிகமாகவே பார்த்தவர்கள். அவர்களுக்குப் போக இடமும் இல்லை, மாதம் பிறந்தால் வரும் சம்பளமும் இல்லை. படிப்பு திருமணத்தை உடைக்கவில்லை. உடைந்துபோன ஒன்றுக்குள் வாழ்நாள் முழுவதும் கிடக்க வேண்டிய கட்டாயத்தைத்தான் அது உடைத்தது.

வெளியேற முடியாதவர்களின் கணக்கு வேறொரு புத்தகத்தில் இருக்கிறது. தேசியக் குற்ற ஆவணக் காப்பகத்தின் 2022ஆம் ஆண்டு அறிக்கையின்படி அவ்வாண்டு தற்கொலை செய்துகொண்ட 48,172 பெண்களில் 25,309 பேர் இல்லத்தரசிகள். எல்லா இறப்புக்கும் திருமணமே காரணம் என்று சொல்ல முடியாது. ஆனால் அமெரிக்காவில் ஒருதரப்பாகவே விவாகரத்துப் பெறும் சட்டம் வந்த மாநிலங்களை ஆராய்ந்து, பெட்சி ஸ்டீவன்சனும் ஜஸ்டின் வுல்ஃபர்ஸும் 2006இல் வெளியிட்ட முடிவை நாம் கவனிக்க வேண்டும். அங்கே பெண்களின் தற்கொலை 8 முதல் 16 விழுக்காடு வரை குறைந்தது. குடும்ப வன்முறையும் பெருமளவு குறைந்தது. வெளியேற வழி இருப்பது, வெளியேறாமல் உள்ளேயே வாழ்கிறவர்களையும் காப்பாற்றுகிறது.

இன்று பெரும்பாலோர் விரும்பும் வழி 13பி. பேச்சில் 'மியூச்சுவல்' என்கிறார்கள். ஓராண்டு பிரிந்திருந்து, இருவரும் சேர்ந்து மனுப்போட்டு, ஆறு மாதம் கழித்து மீண்டும் வந்து உறுதிசெய்தால் முடிந்துவிடும். தகுந்த வழக்குகளில் அந்த ஆறு மாதத்தையும் தளர்த்தலாம் என்று 2017இல் உச்ச நீதிமன்றம் கூறியது. யார்மீதும் பழி போட வேண்டியதில்லை என்பது இதன் பெரிய நன்மை. சென்னை உயர் நீதிமன்ற வளாகத்தில் 2005இல் தொடங்கிய சமரச மையம் போன்றவை இத்தகைய தம்பதியரை உட்காரவைத்துப் பேசவும் உதவுகின்றன. ஆனால் ஒப்புதல் விலைபேசப்படுகிறது. நகையைக் கேட்காதே, ஜீவனாம்சம் கேட்காதே, குழந்தையைக் கேட்காதே, அப்போதுதான் கையெழுத்து என்பார் ஒருவர். கொடுத்த புகாரைத் திரும்பப் பெற இவ்வளவு வேண்டும் என்பார் இன்னொருவர். ஒரு தரப்பு மறுத்தால் பழையபடி கொடுமையை நிரூபிக்கும் வழக்குதான். அது கீழ் நீதிமன்றம், மேல்முறையீடு என்று ஆண்டுக்கணக்கில் இழுக்கும். முப்பது வயதில் மனுப்போட்ட பெண் மறுவாழ்வுக்கும் பிள்ளைப்பேற்றுக்கும் உரிய வயதை நீதிமன்ற வராந்தாவில் கழிக்கிறாள்.

மீட்க முடியாதபடி முறிந்த திருமணத்தை முறிந்ததாகவே ஏற்றுக் கலைக்கலாம் என்று சட்ட ஆணையம் தன் 71ஆம் அறிக்கையில் சொன்னது 1978இல். 2009இல் மீண்டும் சொன்னது. 2010இல் வந்த மசோதா 2013இல் மாநிலங்களவையைத் தாண்டி, அதோடு காலாவதியானது. 2023இல் அரசியல் சாசன அமர்வு, அரசியலமைப்பின் 142ஆம் பிரிவைக் கொண்டு தன்னால் அப்படிக் கலைக்க முடியும் என்று அறிவித்தது. அது உச்ச நீதிமன்றத்துக்கு மட்டும் உள்ள அதிகாரம். டெல்லி வரை போகப் பணம் உள்ளவர்களுக்குத்தான் பயன்படும். திருநெல்வேலியிலும் திருவண்ணாமலையிலும் இருக்கும் நீதிபதிக்கு அந்த அதிகாரம் இல்லை.

நாடாளுமன்றம் அந்த மசோதாவை மீண்டும் எடுக்க வேண்டும். திருமணக் காலத்தில் சேர்ந்த சொத்தில் மனைவிக்குப் பங்கையும் சேர்த்தே எடுக்க வேண்டும். இல்லையென்றால் எளிதாகக் கிடைக்கும் விவாகரத்து, வீட்டிலேயே உழைத்துத் தேய்ந்த பெண்ணைத் தெருவில் நிறுத்திவிடும். கணவன் வாங்கிய சொத்தில் இல்லத்தரசியின் உழைப்புக்கும் சம பங்கு உண்டு என்று 2023இல் சென்னை உயர் நீதிமன்றம் அளித்த தீர்ப்பு அதற்கு நல்ல தொடக்கம்.

பெற்றவர்கள் சட்டத்துக்காகக் காத்திருக்க வேண்டியதில்லை. மகள் முதல் தடவை பையோடு வந்து நின்றால் எப்போது திரும்பிப் போகிறாய் என்று கேட்காதீர்கள். என்ன நடந்தது என்று கேளுங்கள், அவள் சொல்லி முடிக்கும் வரை கேளுங்கள். மகன் வைத்திருப்பவர்கள் அதே கேள்வியை உங்கள் மருமகளிடம் கேளுங்கள், அவள் பையை எடுப்பதற்கு முன்பே.